பதவியுயர்வில் இன விகிதாசாரம்: 1990 சுற்றுநிருபமும் அதன் முன்னும் பின்னும்

பதவியுயர்வுப் பட்டியல் ஒன்று வந்துவிட்டால் எங்கள் ஊர்களில் முதல் வேலை அதில் பெயர்களை எண்ணுவதுதான். "நம்மட ஆக்கள் எத்தனை பேர்?" என்று ஆசிரியர் ஓய்வறையிலும் கேட்பார்கள், அஸர் தொழுகைக்குப் பிறகு பள்ளிவாசல் முற்றத்திலும் கேட்பார்கள். எண்ணிக்கை குறைவாக இருந்தால் அடுத்த வசனமும் தயாராக இருக்கும்: "எங்கட விகிதாசாரத்துக்கு இன்னும் ரெண்டு பேர் வந்திருக்க வேணுமே."

இந்த விகிதாசாரம் என்ற சொல்லை நாம் ஏதோ அள்ளிக் கொடுக்கும் மரக்கால் போல நினைத்துப் பேசுகிறோம். ஆனால் அது ஒரு காலத்தில் அரசாங்க முத்திரையோடு, பதவியுயர்வுக்கே விதியாக, இந்த நாட்டில் எழுதப்பட்டிருந்தது. அந்த விதியை நீதிமன்றத்துக்குக் கொண்டு போய் வென்றவர் ஒரு தமிழ் உத்தியோகத்தர். சிறுபான்மைக்கு நல்லது என்று சொல்லப்பட்ட ஒன்றை ஒரு சிறுபான்மையினரே ஏன் எதிர்த்தார்? எங்கள் பிள்ளைகளில் நூற்றுக்கணக்கானோர் இன்று அரசாங்க சேவையில் இருக்கிறார்கள். இந்தக் கதை அவர்களுக்குத் தெரிந்திருக்க வேண்டும் என்பதால்தான் இந்த நீண்ட பதிவு. ஒரே மூச்சில் வாசிக்க முடியாதவர்கள் சேமித்து வைத்துக்கொள்ளுங்கள்.

கதையை 1990இல் தொடங்கினால் பாதிதான் விளங்கும். முப்பது வருடங்கள் பின்னால் போக வேண்டும்.

1956இல் சிங்களம் மட்டும் அரசகரும மொழியானது. சட்டம் வந்த அன்றே கந்தோர்களில் எல்லாம் மாறிவிடவில்லை. அது உத்தியோகத்தரின் சட்டைப்பையைத் தொட்டது 1961 டிசம்பர் 4ஆம் திகதி வெளிவந்த திறைசேரிச் சுற்றுநிருபம் 560 மூலம். குறித்த சிங்களத் தேர்ச்சிப் பரீட்சைகளில் சித்தியடையாவிட்டால் வருடாந்தச் சம்பள ஏற்றம் நிறுத்தப்படும் என்பதே அதன் சாரம். ஆங்கிலத்தில் வேலைக்குச் சேர்ந்து, ஆங்கிலத்தில் வேலை செய்து பழகியவர்களுக்கு இது நடு வழியில் வந்த புது நிபந்தனை. தமிழர் என்றும் முஸ்லிம் என்றும் அந்தப் பரீட்சைத் தாள் பிரித்துப் பார்க்கவில்லை. எங்கள் வாப்பாமார், அப்பாமார் காலத்து எழுதுவினைஞர்களுக்கும் அதே தாள்தான்.

கோடீஸ்வரன் என்ற தமிழ் எழுதுவினைஞர் அந்தப் பரீட்சைக்குத் தோற்ற மறுத்தார். 1962இல் அவருக்கு வரவேண்டிய சம்பள ஏற்றம் நிறுத்தப்பட்டது. அவர் கொழும்பு மாவட்ட நீதிமன்றத்தில் வழக்குத் தொடுத்தார். அன்றைய சோல்பரி அரசியலமைப்பின் 29ஆம் பிரிவு, ஒரு சமூகத்தவருக்கு மட்டும் இயலாமையைச் சுமத்தும் சட்டத்தைப் பாராளுமன்றம் இயற்ற முடியாது என்று சொன்னது. அதைப் பிடித்துக்கொண்டுதான் வாதம் போனது. 1964இல் மாவட்ட நீதிபதி ஓ. எல். டி கிறெற்சர், அரசகரும மொழிச் சட்டமே அரசியலமைப்புக்கு முரணானது என்று தீர்ப்பளித்தார். சம்பளப் பட்டியலில் சில ரூபாய்கள் பற்றிய ஒரு வழக்கு, நாட்டின் மிகப் பெரிய அரசியல் சட்டத்தையே ஆட்டிவிட்டது.

அரசாங்கம் மேன்முறையீடு செய்தது. 1967இல் உயர் நீதிமன்றம் மொழிப் பிரச்சினைக்குள் போகவே இல்லை. அரச ஊழியர் தன் சம்பளத்துக்காக முடிக்கு எதிராக வழக்குத் தொடுக்கவே முடியாது என்று சொல்லி வழக்கைத் தள்ளியது. கோடீஸ்வரன் இலண்டனிலுள்ள கோமறைக் கழகத்துக்குப் போனார். 1969 டிசம்பரில் கோமறைக் கழகம் அவருக்குச் சார்பாகச் சொன்னது: சம்பளத்துக்காக அரச ஊழியர் வழக்குத் தொடுக்கலாம். மொழிச் சட்டம் செல்லுமா இல்லையா என்ற கேள்வியை அது தானே தீர்க்காமல், இலங்கை உயர் நீதிமன்றம் ஆராய்ந்து சொல்லட்டும் என்று திருப்பி அனுப்பியது.

அந்தக் கேள்விக்கு இன்றுவரை பதில் இல்லை. 1971இல் கோமறைக் கழகத்துக்கான மேன்முறையீடு ஒழிக்கப்பட்டது. 1972 மே 22இல் வந்த குடியரசு அரசியலமைப்பில் 29ஆம் பிரிவே இல்லை. சிங்களம் அரசகரும மொழி என்பது அரசியலமைப்புக்குள்ளேயே போய்விட்டது. வழக்கு நின்ற தரையை வழக்கு நடந்துகொண்டிருக்கும்போதே உருவிக்கொண்டார்கள் என்றுதான் நாம் சொல்வோம். வேறு எந்தக் கண்ணியமான சொல்லும் எமக்குக் கிடைக்கவில்லை.

இடையில் பல்கலைக்கழகத் தரப்படுத்தல், மாவட்டக் கோட்டா என்று எழுபதுகள் போயின. அது தனிப் பதிவுக்குரிய விடயம். இங்கே ஒன்றை மட்டும் நினைவில் வைத்துக்கொள்வோம்: கோட்டா என்ற சொல்லை இந்த நாடு முதலில் வகுப்பறையில் பழகி, பிறகுதான் கந்தோருக்குக் கொண்டு வந்தது.

1978 அரசியலமைப்பின் 12ஆம் உறுப்புரை இந்தக் கதையின் மையம். 12(1) எல்லோரும் சட்டத்தின் முன் சமம் என்கிறது. 12(2) இனம், மதம், மொழி, சாதி, பால், அரசியற் கொள்கை, பிறந்த இடம் போன்ற காரணங்களால் எந்தப் பிரசைக்கும் பாகுபாடு காட்டக்கூடாது என்கிறது. 12(4) ஒரு விலக்கு: பெண்கள், பிள்ளைகள், மாற்றுத்திறனாளிகள் ஆகியோரின் முன்னேற்றத்துக்காக விசேட ஏற்பாடு செய்யலாம். அவ்வளவுதான். இனம் என்ற சொல் தடை செய்யும் பந்தியில் இருக்கிறது, விலக்குக் கொடுக்கும் பந்தியில் இல்லை. இதைத் தயவுசெய்து இன்னொரு முறை வாசியுங்கள். பின்னால் வரும் முழுத் தீர்ப்பும் இந்த இடைவெளியில்தான் நிற்கிறது.

எண்பதுகளின் இறுதியில் அரச சேவையில் சிறுபான்மையினரின் பங்கு சுருங்கிப் போயிருந்தது. 83 கலவரமும் யுத்தமும் நாட்டைப் பிளந்திருந்தன. அந்தப் பின்னணியில், பிரேமதாச அரசாங்க காலத்தில், 1990 மார்ச்சில் பொது நிருவாகச் சுற்றுநிருபம் 15/90 வெளிவந்தது. அரச துறையில் ஆட்சேர்ப்பு மட்டுமன்றிப் பதவியுயர்வும் இன விகிதாசாரப்படி நடக்க வேண்டும் என்பது அதன் பணிப்பு. 1981 குடிசன மதிப்பீட்டை எடுத்துப் பார்த்தால் சிங்களவர் சுமார் 74 வீதம், இலங்கைத் தமிழர் 12.7, இலங்கைச் சோனகர் சுமார் 7, மலையகத் தமிழர் 5.5 வீதம். பறங்கியர் அரை வீதம்கூட இல்லை.

கேட்பதற்கு நியாயமாகத்தான் இருக்கிறது. நம்மில் பலர் அன்று மகிழ்ந்திருப்பார்கள், இன்றும் அப்படி ஒன்று வந்தால் மகிழ்வார்கள். ஆனால் நாம் ஆசிரியர்கள், கணக்கைச் செய்து பார்த்துவிடுவோம்.

ஆட்சேர்ப்பில் ஆயிரம் பேரை எடுக்கிறார்கள் என்றால் 7 வீதம் என்பது 70 பேர். கணக்கு அழகாக வருகிறது. பதவியுயர்வில் ஆயிரம் வெற்றிடம் வராது. மேலே போகப் போக ஐந்து வரும், பத்து வரும். பத்து வெற்றிடத்தில் 7 வீதம் என்றால் 0.7 ஆள். மலையகத் தமிழருக்கு அரை ஆள். பறங்கியருக்கு ஒரு பதவி கிடைக்க முந்நூறுக்கு மேற்பட்ட வெற்றிடங்கள் வர வேண்டும். ஒரு காலத்தில் கச்சேரிகளையும் புகையிரதத்தையும் நிரப்பியிருந்த சமூகம் அது! பத்து வெற்றிடத்தில் இலங்கைத் தமிழருக்கு 1.27. அதாவது ஒருவர். தகுதியிலும் சேவைமூப்பிலும் முன்னுக்கு நிற்கும் தமிழர் மூவர் அந்தத் திணைக்களத்தில் இருந்தால்? ஒருவர் போவார், மற்ற இருவரும் தங்கள் இனத்தின் பங்கு முடிந்துவிட்டது என்று சொல்லித் திருப்பி அனுப்பப்படுவார்கள். குறைந்தது இவ்வளவு என்று எழுதப்பட்டது, இதற்கு மேல் இல்லை என்று மாறிவிடுகிறது. சிறிய சமூகத்துக்கு விகிதாசாரம் கொடுக்கும் கை எது, தடுக்கும் கை எது என்று பிரித்தறிய முடியாது.

இதுதான் சுங்கத் திணைக்களத்தில் பணியாற்றிய தமிழ் அதிகாரி ராமுப்பிள்ளை உயர் நீதிமன்றத்துக்குக் கொண்டு போன பிரச்சினை. இன விகிதாசாரம் தன் பதவியுயர்வுக்குக் குறுக்கே நின்றது என்பது அவருடைய முறைப்பாடு. அன்றைய பொது நிருவாக அமைச்சர் பெஸ்டஸ் பெரேரா பிரதிவாதி. 1991ஆம் ஆண்டின் இலங்கைச் சட்ட அறிக்கைகள் முதல் தொகுதியில் 11ஆம் பக்கத்திலிருந்து அந்தத் தீர்ப்பு இருக்கிறது. சட்டம் படிக்கும் எங்கள் பிள்ளைகள் யாராவது அதை எளிய தமிழில் எழுதிப் போட்டால் ஊருக்கே உபகாரம்.

நீதிமன்றம் சொன்னதன் சாரம்: பதவியுயர்வில் இன ஒதுக்கீடு 12ஆம் உறுப்புரையை மீறுகிறது. ஒருவர் எந்த இனத்தில் பிறந்தார் என்பதை வைத்து அவருடைய பதவியுயர்வைத் தீர்மானிப்பது, நோக்கம் நல்லதாயிருந்தாலும், 12(2) தடுத்த காரியம்தான்.

இந்தத் தீர்ப்பை வாசிக்கும் ஒருவருக்கு இரண்டு விதமான உணர்வு வரலாம். ஒருபுறம் நிம்மதி. ஒரு தமிழ் அதிகாரி சிங்களப் பெரும்பான்மை நாட்டின் நீதிமன்றத்தில், இன அடிப்படையிலான ஒரு அரச விதியை முறியடித்தார், அதுவும் யுத்தம் கொதித்துக்கொண்டிருந்த நாட்களில். மறுபுறம் ஒரு நெருடல். அப்படியானால் அரச சேவையில் நம் பங்கு சரிந்துகொண்டே போனால் அதை நிமிர்த்த அரசியலமைப்பில் வழியே இல்லையா? பெண்களுக்கு இருக்கிறது, மாற்றுத்திறனாளிகளுக்கு இருக்கிறது, பின்தங்கிய சமூகங்களுக்கு ஏன் இல்லை? இந்த இரண்டாவது கேள்வியை நாம் இலேசாக எடுக்கவில்லை.

அந்தக் கேள்விக்கு அடுத்த வீட்டில் வேறு பதில் கொடுத்தார்கள். இந்திய அரசியலமைப்பின் 16(4), பின்தங்கிய வகுப்பினருக்குப் பதவிகளை ஒதுக்கலாம் என்று வெளிப்படையாகவே சொல்கிறது. அதற்கும் முந்திய ஒரு கதை இருக்கிறது. பழைய சென்னை மாகாணத்தில் நீதிக்கட்சிக் காலத்திலிருந்து வகுப்புவாரி அரசாணை என்று ஒன்று இருந்தது. இருபதுகளின் ஏற்பாட்டில் பன்னிரண்டு பதவிகள் வந்தால் ஐந்து பிராமணரல்லாத இந்துக்களுக்கு, இரண்டு பிராமணருக்கு, இரண்டு முஸ்லிம்களுக்கு, இரண்டு கிறிஸ்தவருக்கும் ஆங்கிலோ இந்தியருக்கும், ஒன்று ஒடுக்கப்பட்டோருக்கு. 1990இல் நம் நாட்டில் வந்த எண்ணத்தின் மூத்த அண்ணன் அது. 1951 ஏப்ரலில் இந்திய உச்ச நீதிமன்றம் (அவர்கள் அப்படிச் சொல்வதைத்தான் நாம் இங்கே உயர் நீதிமன்றம் என்கிறோம்) அதைச் செல்லாது என்றது.

பதவியுயர்வுப் பிரச்சினை அங்கே முதலில் புகையிரதத்தில்தான் வெடித்தது, அதுவும் சென்னையில். தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் உயர்வுப் பதவிகளில் இடம் ஒதுக்கி ரயில்வே சபை 1959இல் விட்ட சுற்றறிக்கைகளை, தெற்கு ரயில்வேயில் பணியாற்றிய ரங்காச்சாரி என்பவர் எதிர்த்தார். சென்னையில் அவர் வென்றார். 1961இல் டில்லியில் ஐந்து நீதிபதிகளில் மூவர், ஒதுக்கீடு பதவியுயர்வுக்கும் பொருந்தும் என்றார்கள். மூன்றுக்கு இரண்டு! அந்த ஒரு நீதிபதியின் எண்ணிக்கையில் முப்பது வருடம் பதவியுயர்வு ஒதுக்கீடு நடந்தது.

1990ஆம் ஆண்டு அங்கேயும் வந்தது. இங்கே மார்ச்சில் 15/90 வந்தது. அங்கே ஓகஸ்ட்டில் வி. பி. சிங் அரசாங்கம் மண்டல் அறிக்கையின்படி பிற்படுத்தப்பட்டோருக்கு 27 வீதம் என்று அறிவித்தது. வழக்கு ஒன்பது நீதிபதிகள் முன் போனது. 1992 நவம்பர் 16இல் வந்த இந்திரா சாஹ்னி தீர்ப்பு 27 வீதத்தை ஏற்றது, ஆனால் அரசாணையில் இல்லாத கேள்வியையும் எடுத்துத் தீர்த்தது: ஒதுக்கீடு வாசலில் மட்டும்தான், பதவியுயர்வில் இல்லை. ஏற்கனவே நடப்பது ஐந்து வருடம் தொடரலாம். நம் ராமுப்பிள்ளை தீர்ப்பும் அதுவும் ஏறத்தாழ ஒரே காலத்தில், வேறு வேறு பாதையால் வந்து, ஒரே இடத்தில் நின்றன.

அதற்குப் பிறகுதான் இரண்டு நாடுகளும் பிரிந்தன. இந்தியப் பாராளுமன்றம் 1995இல் 77ஆம் திருத்தத்தால் 16(4ஏ) என்று புதிதாக எழுதி, தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் பதவியுயர்வு ஒதுக்கீட்டை மீட்டது. உடனே அடுத்த சண்டை, சேவைமூப்புப் பற்றி. கணபதி என்றும் முருகன் என்றும் இருவரை வைத்துக்கொள்வோம். கணபதி மூத்தவர். முருகன் ஒதுக்கீட்டில் முதலில் உயர்ந்துவிட்டார். மூன்று வருடம் கழித்து கணபதியும் அதே தரத்துக்கு வருகிறார். இப்போது யார் மூத்தவர்? கணபதி தன் பழைய மூப்பைப் பிடித்துக்கொள்ளலாம் என்றது நீதிமன்றம். அப்படியில்லை, முதலில் ஏறியவரே மூத்தவர் என்று 2001இல் 85ஆம் திருத்தம் கொண்டுவந்தது பாராளுமன்றம். 2006இல் நாகராஜ் வழக்கில் நீதிமன்றம் திருத்தங்களை ஏற்றுக்கொண்டு, கூடவே ஒரு கடிவாளமும் போட்டது: ஒதுக்கீடு கொடுக்குமுன் பின்தங்கிய நிலைக்கும், சேவையில் போதிய பிரதிநிதித்துவம் இல்லை என்பதற்கும் தரவு காட்ட வேண்டும், நிர்வாகத் திறனையும் கவனிக்க வேண்டும். 2018இல் ஜர்னைல் சிங் வழக்கில் பின்தங்கிய நிலைக்குத் தரவு தேவையில்லை என்று அந்த முடிச்சு மட்டும் அவிழ்ந்தது. மற்றது இருக்கிறது. வழக்குகளும் இருக்கின்றன.

நம்மில் சிலர் "இந்தியாவில் முஸ்லிம்களுக்கும் இப்படிக் கிடைக்கிறதே" என்று சொல்லிக் கேட்டிருக்கிறோம். பதவியுயர்வைப் பொறுத்தவரை அது அநேகமாகத் தவறு. 16(4ஏ) தாழ்த்தப்பட்டோருக்கும் பழங்குடியினருக்கும் மட்டும். தாழ்த்தப்பட்டோர் பட்டியலில் இடம்பெற ஒருவர் இந்துவாகவோ சீக்கியராகவோ பௌத்தராகவோ இருக்க வேண்டும் என்பது அங்கே விதி. பழங்குடிப் பட்டியலுக்கு அந்த மத நிபந்தனை இல்லாததால் இலட்சத்தீவு முஸ்லிம்கள் போன்றோர் அதில் வருகிறார்கள். மற்ற முஸ்லிம்களுக்குப் பதவியுயர்வில் அந்தக் கதவு இல்லை.

திரும்ப எங்கள் ஊருக்கு வருவோம். மாவட்டக் கோட்டாவால் பயன்பெற்ற பிள்ளைகளை நாங்கள்தான் படிப்பித்தோம். பல்கலைக்கழக அனுமதியில் 40 வீதம் அகில இலங்கைத் திறமை, 55 வீதம் மாவட்டம், 5 வீதம் பின்தங்கிய மாவட்டங்கள் என்பது நமக்கு மனப்பாடம். அதை வேண்டாம் என்று நாம் ஒருநாளும் சொல்லமாட்டோம். ஆய்வுகூடம் இல்லாத பாடசாலைப் பிள்ளையும் கொழும்புப் பாடசாலைப் பிள்ளையும் ஒரே கோட்டில் நிற்கவில்லை. ஆனால் அந்தக் கோட்டா வாசலில் நிற்கிறது, இடத்தைப் பார்க்கிறது, இனத்தைப் பார்ப்பதில்லை. உள்ளே போன பிறகு இறுதிப் பரீட்சைத் தாளை எந்த மாவட்டம் என்று பார்த்துத் திருத்துவதில்லை. பதவியுயர்வு என்பது உள்ளே போன பிறகு வரும் கதை. இருபது வருடம் ஒன்றாக வேலை செய்த இருவரில் ஒருவரைப் பிறப்பைப் பார்த்துத் தள்ளினால், அடுத்த இருபது வருடம் அந்தக் கந்தோரில் என்ன நடக்கும் என்று அரச சேவையில் இருப்பவர்களுக்குச் சொல்லத் தேவையில்லை.

கொஞ்சம் கசப்பான ஒன்றையும் சொல்லிவிடுகிறோம். கிழக்கில் நாம் பெரும்பான்மையாக இருக்கும் பிரதேசங்களில் திறமை, சேவைமூப்பு என்று பேசுகிறோம். சிறுபான்மையாக இருக்கும் இடத்தில் விகிதாசாரம் பேசுகிறோம். தமிழ்ச் சகோதரர்களும் அப்படியே, சிங்களச் சகோதரர்களும் அப்படியே. 2012 மதிப்பீட்டில் சோனகர் 9 வீதத்தைத் தாண்டினோம் என்றவுடன் கேட்க வேண்டிய பங்கும் கூடிவிட்டது என்று கணக்குப் போட்டவர்கள் உண்டு. அந்தக் கணக்கு ஏதாவது ஒரு திணைக்களத்தில் பத்தாவது முஸ்லிமின் கதவையும் சாத்தும் என்பதை அவர்கள் யோசித்ததாகத் தெரியவில்லை.

உண்மையில் இன்று நம் பிள்ளைகள் பதவியுயர்வு இழப்பது விகிதாசாரம் இல்லாததால் என்பதைவிட, நேர்முகப் பரீட்சைப் புள்ளிகள் மூடி வைக்கப்படுவதால், சேவைப் பிரமாணக் குறிப்பை வாசிக்காததால், வினைத்திறன் காண் தடைதாண்டலைத் தள்ளிப் போடுவதால்தான் என்பது எங்கள் அபிப்பிராயம். இரண்டாம் மொழித் தேர்ச்சியையும் இதில் சேர்த்துக்கொள்ளுங்கள். கோடீஸ்வரன் காலத்தில் ஒரு மொழி மற்றவர் மீது சுமத்தப்பட்டது. 2007 சுற்றுநிருபத்துக்குப் பிறகு புதிதாகச் சேரும் சிங்கள உத்தியோகத்தரும் தமிழ் படிக்க வேண்டும். நிபந்தனை இரு பக்கமும் விழுவதால் அதை அநியாயம் என்று நாம் சொல்வதற்கில்லை, சித்தியடைவதே வழி.

அநியாயம் நடந்தால் என்ன செய்வது என்று கேட்பவர்களுக்கு: மறுக்கப்பட்டதற்கான காரணத்தை எழுத்தில் கேளுங்கள். புள்ளிகளைத் தகவலறியும் உரிமைச் சட்டத்தின் கீழ் கேட்கலாம். அரசாங்க சேவை ஆணைக்குழுவின் தீர்மானத்துக்கு எதிராக நிருவாக மேன்முறையீட்டு நியாயசபை இருக்கிறது. அடிப்படை உரிமை மனு என்றால் மீறல் நடந்து ஒரு மாதத்துக்குள் உயர் நீதிமன்றத்தில் தாக்கல் செய்ய வேண்டும், 126ஆம் உறுப்புரை அப்படித்தான் சொல்கிறது. அந்த ஒரு மாதத்துக்குள் மனித உரிமைகள் ஆணைக்குழுவில் முறைப்பாடு செய்து விசாரணை நடந்துகொண்டிருந்தால் அந்தக் காலம் கணக்கில் சேராது. ஆனால் விசாரணை உண்மையிலேயே நடக்கிறது என்பதைக் காட்ட வேண்டும், வெறும் முறைப்பாட்டு இலக்கம் போதாது. மேலதிகாரியைக் கண்டு பேசிப் பார்ப்போம், எம்பியைச் சந்திப்போம் என்று அலைந்து நாற்பதாம் நாள் சட்டத்தரணியிடம் போய் நிற்பவர்கள் எங்களிடையே நிறையப் பேர்.